ஒரு பாட்டு எத்தனை காலம் சோறு போடும்?

இம்மாதப் பேச்சு இசையமைப்பாளர் ஏ.ஆர். ரகுமான் பற்றியது. அவருடைய பாட்டுக்களை நீங்கள் என்னைவிட நன்றாக அறிவீர்கள். நான் ஒரு கணக்காளன். ஆகவே அவருடைய வாழ்க்கையை வரவு செலவுப் பக்கமாகச் சொல்லப் போகிறேன். இசை படிக்கும் பிள்ளைகள் உள்ள வீடுகளுக்கு இது பயன்படும்.

ரகுமான் 1967 ஜனவரி 6ஆம் திகதி சென்னையில் பிறந்தார். தந்தையார் ஆர்.கே. சேகர் மலையாளத் திரையுலகின் இசையமைப்பாளர். 1964இல் வந்த 'பழசிராஜா' படத்துக்கு இசையமைத்தவர். மற்ற இசையமைப்பாளர்களுக்கு வாத்தியக் குழுவை நடத்திக் கொடுத்தவர். 1976இல் அவர் காலமானபோது மகனுக்கு 9 வயது. அதன்பின் குடும்பம் அவர் விட்டுச்சென்ற வாத்தியங்களை வாடகைக்குக் கொடுத்துச் சீவித்தது.

இத்தனை பாட்டுக்களைச் செய்தவரின் வீட்டில் ஏன் இந்த நிலை? இந்தியத் திரையுலகில் இசையமைப்பாளருக்குப் படத்துக்கு ஒரு தொகை கொடுப்பார்கள். அத்துடன் கணக்கு முடிந்தது. பாட்டின் உரிமை தயாரிப்பாளருக்குப் போய்விடும். வேறாக ஒப்பந்தம் இல்லாவிட்டால் உரிமை தயாரிப்பாளருக்கே என்று 1977இல் இந்திய உச்ச நீதிமன்றமும் தீர்ப்பளித்தது.

மகன் சிறு வயதிலேயே கீபோட் வாசித்து உழைக்கத் தொடங்கினார். படிப்பும் இடையில் நின்றது. இளையராஜா உட்படப் பலரிடம் வாசித்தார். பின்னர் விளம்பரங்களுக்கு இசையமைத்தார். வீட்டு வளவிலேயே ஒரு ஸ்ரூடியோ கட்டினார். 1992இல் மணிரத்னத்தின் 'ரோஜா' வெளிவந்தது. அந்த முதற் படத்துக்கே தேசிய விருது கிடைத்தது. தெரிவுக் குழுவில் 'ரோஜா'வுக்கும் இளையராஜாவின் 'தேவர் மக'னுக்கும் சம வாக்குகள் விழுந்தன. முடிவைத் தீர்மானித்த வாக்கை அளித்தவர் குழுவின் தலைவர் பாலு மகேந்திரா. அவர் எங்கள் மட்டக்களப்பு மண்ணில் பிறந்தவர்.

பேர் வந்தபின் ரகுமான் உரிமையில் பங்கு கேட்டார். 2007இல் வந்த 'ஓம் சாந்தி ஓம்' இந்திப் படத்துக்கு முதலில் அவரே இசையமைப்பதாக இருந்தது. இசை நிறுவனம் உரிமையைப் பகிர உடன்படாததால் அவர் விலகிக்கொண்டார். ஒரு பெரிய படத்தின் ஊதியத்தை விட்டுக்கொடுத்துத்தான் அந்தக் கொள்கையைக் காத்தார். 2009இல் 'ஸ்லம்டோக் மில்லியனர்' படத்துக்காக 2 ஒஸ்கார் விருதுகளைப் பெற்றார். அதே படத்தின் இன்னொரு பாட்டும் நியமனம் பெற்றது. அதை ஆக்கியவர்களாக ரகுமானின் பெயருடன் மாயா அருள்பிரகாசத்தின் பெயரும் இருந்தது. அவர் எம்மைப் போல அகதியாக லண்டன் போன குடும்பத்துப் பிள்ளை.

2012இல் இந்தியச் சட்டம் திருத்தப்பட்டது. கவிஞர் ஜாவேத் அக்தர் அதற்காகப் பாராளுமன்றத்தில் வாதாடினார். இப்போது திரையரங்கில் படத்துடன் ஒலிப்பது தவிர, வானொலி, தொலைக்காட்சி, இணையம் என எங்கு பாட்டு ஒலித்தாலும், வரும் உரிமைப் பணத்தில் பாட்டெழுதியவருக்கும் இசையமைத்தவருக்கும் சமபங்கு உண்டு. அந்தப் பங்கை வாரிசுகளுக்கும் உரிமைச் சங்கத்துக்கும் தவிர வேறெவருக்கும் எழுதிக்கொடுக்க முடியாது. சேகர் குடும்பத்துக்கு இல்லாத பாதுகாப்பு இதுதான்.

2010 டிசெம்பர் 11இல் ரகுமான் எமது ஒஸ்லோவில், நோபல் சமாதானப் பரிசு இசைநிகழ்ச்சியில் மேடையேறினார். நோர்வேயில் இந்த ஏற்பாடு பழையது. இசையாக்குனர்களுக்கான 'தூனு' சங்கம் 1928இல் தொடங்கியது. பாடியவர், வாசித்தவர், ஒலிப்பதிவைத் தயாரித்தவர் ஆகியோருக்குப் பணம் சேர்ப்பது 'கிராமு'. பாட்டு ஒலிபரப்பும் வானொலிகள் இவற்றுக்குக் கட்டணம் செலுத்துகின்றன. பாட்டை ஆக்கியவரின் உரிமை அவர் மறைந்த பின்னும் 70 ஆண்டுகள் நிற்கும். அதாவது பேரப்பிள்ளைகள் வரை.

பெற்றோரே, "பாட்டுப் படித்தால் சோறு வருமா?" என்று கேட்பது நியாயமான கேள்விதான். ஆனால் அதற்குப் பதில் திறமையில் மட்டும் இல்லை, கடதாசியிலும் இருக்கிறது. பிள்ளை நண்பர்களுடன் சேர்ந்து ஒரு பாட்டுச் செய்தால், மெட்டு யாருடையது, வரிகள் யாருடையவை, யாருக்கு எத்தனை வீதம் என்று அன்றே எழுதிக் கையொப்பமிடச் சொல்லுங்கள். பாட்டை மேடையேற்ற முன் தூனுவில் பதிவுசெய்ய வையுங்கள். எந்த நிறுவனம் ஒப்பந்தம் நீட்டினாலும், "எல்லா உரிமைகளும்" என்ற சொற்கள் எங்கே இருக்கின்றன என்று முதலில் தேடுங்கள்.