செல்போன் கேமராவுக்கு நாலு வித்தை!



அப்பாவிடம் கெஞ்சிக் கூத்தாடி ஸ்மார்ட்போனை வாங்கிப் படம் எடுக்கிறீர்கள். கண்ணில் பார்த்தது ஒன்று. படத்தில் விழுந்தது வேறொன்று! உடனே "இந்த போனே சரியில்லை" என்று அலுத்துக்கொள்ளாதீர்கள். எல்லா கேமராவுக்கும் சில குறைகள் உண்டு. அவை என்னவென்று தெரிந்துவிட்டால் சமாளிப்பது சுலபம். வாருங்கள், ஈரோடு மாவட்டம் சத்தியமங்கலத்தை ஒரு சுற்று சுற்றி வரலாம்.

மங்கிப்போன மல்லிகை

மல்லிகைக்குப் பெயர்போன ஊர் சத்தியமங்கலம். கூடை நிறைய வெள்ளை மொட்டுகள். படத்திலோ சாம்பல் பூசியதுபோல் மங்கல்! ஏன் தெரியுமா? எதிரே எவ்வளவு வெளிச்சம் இருக்கிறது என்று கேமரா அளக்கும். அதிகமும் இல்லாமல் குறைவும் இல்லாமல் நடுத்தரமாக்கப் பார்க்கும். எங்கும் வெள்ளையாக இருந்தால், 'அடேயப்பா, வெளிச்சம் அதிகம்' என்று குறைத்துவிடும். கறுப்பு எருமையைத் திரை நிறைய எடுத்தால் நேர்மாறு, எருமை வெளுத்துவிடும்!

வித்தை: திரையில் பூவை விரலால் தொடுங்கள். பல போன்களில் குட்டிச் சூரியன் ஒன்று தோன்றும். அதை மேலே நகர்த்துங்கள். பூ பளிச்சிடும். எருமைக்கு? கீழே நகர்த்த வேண்டும்.

மொட்டின் மேல் எறும்பு

எறும்புக்கு மிக அருகில் போனைக் கொண்டுபோனால் படம் கலங்கிவிடும். ஓரளவுக்குக் கிட்டே போனால் லென்சால் தெளிவாகப் பார்க்க முடியாது.

வித்தை: பூதக்கண்ணாடியை லென்சுக்கு முன்னால் பிடியுங்கள். போனை மெல்ல முன்னும் பின்னும் நகர்த்துங்கள். ஓர் இடத்தில் எறும்பின் கால்கூடத் தெளிவாகத் தெரியும்!

ஆற்றங்கரையில் அந்தி

பவானி ஆற்றங்கரையில் இருட்டுகிறது. வெளிச்சம் போதாததால் கேமரா வழக்கத்தைவிட அதிக நேரம் ஒளியைச் சேர்க்கும். அதற்குள் உங்கள் கை லேசாக ஆடினாலும் படம் கலைந்துவிடும்.

வித்தை: போனைச் சுவரில் சாய்த்து வையுங்கள். 3 விநாடி 'டைமர்' வையுங்கள். பட்டனை அழுத்தியதும் கையை எடுத்துவிடுங்கள். அவ்வளவுதான்!

தூரத்தில் யானை

பண்ணாரியைத் தாண்டினால் திம்பம் மலைப்பாதை. மொத்தம் 27 கொண்டை ஊசி வளைவுகள்! சுற்றிலும் காடு. 2013-ல் இது புலிகள் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. சாலையோரம் யானை நின்றால், 'ஜூம்' செய்வீர்கள். யானை கட்டம் கட்டமாகச் சிதறிவிடும். திரையில் விரலால் பெரிதாக்கும்போது, ஓர் அளவுக்கு மேல் கேமரா புதிதாக எதையும் பார்ப்பதில்லை. இருக்கும் படத்தையே இழுத்துப் பெரிதாக்குகிறது.

அப்படியானால் இறங்கிக் கிட்டே போகலாமா? கூடவே கூடாது! யானை மிரண்டு துரத்தினால், ஓடித் தப்பிக்க முடியாது. இந்தக் குறைக்குக் கால்கள் மருந்தல்ல.

புலியைக் கணக்கெடுப்பவர்கள் என்ன செய்கிறார்கள் தெரியுமா? அவர்கள் புலியைத் தேடிப் போய்ப் படம் எடுப்பதில்லை. புலி நடக்கும் தடத்தின் இருபுறமும் தானியங்கி கேமராக்களைக் கட்டிவிட்டு வந்துவிடுகிறார்கள். புலி கடக்கும்போது அதன் உடல் சூட்டையும் அசைவையும் உணர்ந்து கேமரா தானே படம் எடுக்கும். இருபுறமும் எதற்கு? புலியின் இடப்பக்க வரிகள் வேறு, வலப்பக்க வரிகள் வேறு! இரண்டும் கிடைத்தால்தான் அது எந்தப் புலி என்று சொல்ல முடியும்.

2018-ல் தொடங்கிய அகில இந்தியக் கணக்கெடுப்பில் 26,838 இடங்களில் கேமரா வைத்தார்கள். கிடைத்த படங்கள் 3 கோடியே 48 லட்சத்துக்கும் மேல். அவற்றில் புலி இருந்தவை 76,651 மட்டுமே. அதாவது, சுமார் 450 படங்களுக்கு ஒன்று!

வித்தை: வண்டியை விட்டு இறங்காதீர்கள். 'ஜூம்' செய்யாமல் காட்டையும் மலையையும் சேர்த்து எடுங்கள். மலையடிவாரத்தில் சின்னப் புள்ளியாக யானை தெரிந்தாலும் அது அழகான படம்தான்.

என்ன குட்டீஸ், அடுத்த ஞாயிற்றுக்கிழமை அப்பா, அம்மாவிடம் அனுமதி கேட்டுப் போனை வாங்குங்கள். வீட்டுப் பூந்தொட்டியில் இருந்து தொடங்குங்கள். முதல் படம் சொதப்பினால் அழிக்காதீர்கள். ஏன் சொதப்பியது என்று யோசித்து இரண்டாவது படம் எடுங்கள்!