தில்லி தடுத்த பாட்டும் கொழும்பில் ஒலித்த குரலும்

புதுதில்லி: புதன்கிழமை இரவு 8 மணியானால் வட இந்தியாவின் வீதிகளில் நடமாட்டம் குறையும். தேநீர்க் கடைகளிலும் வீட்டு முற்றங்களிலும் வானொலிப் பெட்டியைச் சுற்றி மக்கள் கூடுவர். "சகோதரிகளே, சகோதரர்களே" என்று ஒரு குரல் அழைக்கும். பெண்களை முதலில் விளித்த அந்தக் குரலுக்கு உரியவர் அமீன் சயானி. 2024 பிப்ரவரி 20-ஆம் தேதி மும்பையில் அவர் காலமானார். அவருக்கு வயது 91.

அந்தக் குரல் கொழும்பிலிருந்து ஒலித்ததற்குத் தில்லியே காரணம். 1952-இல் தகவல் ஒலிபரப்புத் துறை அமைச்சரான பி.வி. கேஸ்கர், செவ்வியல் இசையே மக்களின் ரசனையை உயர்த்தும் எனக் கருதினார். அகில இந்திய வானொலியில் திரைப்பாடல்களுக்கான நேரம் குறைக்கப்பட்டது. படத்தின் பெயரை அறிவிப்பதும் விளம்பரம் என்று நிறுத்தப்பட்டது. தயாரிப்பாளர்கள் ஒலிபரப்பு அனுமதியைத் திரும்பப் பெற்றனர்.

நேயர்கள் இலங்கை வானொலியை நாடினர். அங்கு 1952 டிசம்பர் 3-ஆம் தேதி, ஒரு பற்பசையின் விளம்பர ஆதரவுடன், 'பினாகா கீத்மாலா' தொடங்கியது. மும்பையில் பதிவான நிகழ்ச்சி கொழும்பு சென்று, சிற்றலை வழியே இந்தியாவுக்கே திரும்பி வந்தது. வாரம் ரூ.25 ஊதியத்துக்கு அதனைத் தொகுத்து வழங்க முன்வந்த சயானிக்கு அப்போது 20 வயதுகூட நிறையவில்லை. முதல் நிகழ்ச்சிக்கே 9 ஆயிரம் கடிதங்கள் குவிந்தன.

வெற்றிக்குப் பாடல்கள் மட்டுமே காரணமல்ல. அவர் பேசிய மொழியும் காரணம். பிரிவினைக்குப் பின், இந்தி ஒரு மதத்தாருக்கும் உருது மற்றொரு மதத்தாருக்கும் உரியவை எனப் பேசப்பட்ட காலம் அது. அரசு வானொலியின் இந்தியில் வடமொழிச் சொற்கள் மிகுந்திருந்தன. சயானியோ கடைத்தெருவில் எல்லோருக்கும் புரியும் இந்துஸ்தானியில் பேசினார்.

அது வீட்டில் கற்ற பாடம். அவரது தாயார் குல்சும் சயானி, காந்தியடிகளின் ஊக்கத்தால், புதிதாக எழுத்தறிவு பெற்றோருக்காக 'ரஹ்பர்' என்னும் இதழை நடத்தினார். எளிய இந்துஸ்தானியில் அமைந்த அந்த இதழ் நாகரி, உருது, குஜராத்தி ஆகிய மூன்று எழுத்துகளிலும் அச்சாகியது. ஆங்கில ஒலிபரப்பில் பழகிய சயானி, அந்த இதழுக்கு உதவியபோதுதான் எளிய மொழியைப் பயின்றார்.

தில்லியும் மனம் மாறியது. 1957 அக்டோபர் 3-ஆம் தேதி 'விவித் பாரதி' சேவை தொடங்க, திரைப்பாடல்கள் அரசு வானொலிக்குத் திரும்பின. கீத்மாலாவும் 1989-இல் அதே சேவைக்கு வந்து, 1994 வரை நீடித்தது. எச்.ஐ.வி., எய்ட்ஸ் பாதிப்பு குறித்து அகில இந்திய வானொலிக்காக 13 பகுதிகள் கொண்ட தொடரையும் சயானி உருவாக்கினார். வெளிப்படையாகப் பேசக் கூசிய அந்த நோய் குறித்து மருத்துவர்களும் சமூகப் பணியாளர்களும் அதில் பேசினர். தொண்டு நிறுவனங்கள் அதன் ஒலிநாடாக்களைக் களப்பணிக்குப் பயன்படுத்தின.

2009-இல் மத்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கியது. மக்கள் எதைக் கேட்க வேண்டும் என்று ஒரு காலத்தில் தில்லி முடிவு செய்தது. மக்கள் எதைக் கேட்க விரும்பினர் என்பதை அறிந்தவரை அதே தில்லி இறுதியில் கௌரவித்தது.