பெரிய தாத்தாவின் பாட்டுகளைக் காத்த பேரன்

முத்துசுவாமி தீட்சிதர் 1835ஆம் ஆண்டு தீபாவளியன்று எட்டயபுரத்தில் காலமானார். அவருடைய கீர்த்தனைகளை அச்சேற்றி நமக்குக் கொடுத்த சுப்பராம தீட்சிதர் பிறந்தது 1839இல். பெரிய தாத்தாவின் குரலை ஒருநாளும் கேட்டிராத பேரன் அவர்.

நடுவில் நின்றவர் பாலுசுவாமி தீட்சிதர். முத்துசுவாமியின் தம்பி, எட்டயபுர சமஸ்தான வித்துவான், வயலினைக் கர்நாடக இசைக்குள் கொண்டுவந்தவர் என்று பெயர் பெற்றவர். மகள் அன்னபூரணியின் பிள்ளையான சுப்பராமரைச் சுவீகாரம் எடுத்து வளர்த்து, அண்ணனின் உருப்படிகளை வாய்ப்பாடமாகவே சொல்லிவைத்தார். அதோடு நின்றிருந்தால், சுப்பராமர் காலத்தோடு அதில் பாதி போயிருக்கும்.

போகாமல் தடுக்க வந்தவர் குடும்பத்துக்கு வெளியே இருந்தவர் என்பதுதான் இந்தக் கதையில் என்னை மிகவும் நெகிழவைப்பது. சின்னசாமி முதலியார், எம்.ஏ. படித்த கிறிஸ்தவர். நம் கீர்த்தனைகளை மேற்கத்திய சுரக்குறிப்பில் பதிப்பிக்க 1890களில் பெரும்பாடு பட்டவர். கண்பார்வை மங்கிக்கொண்டிருந்த நிலையிலும் சுப்பராமரிடம் வந்து, தெரிந்ததையெல்லாம் எழுதி வெளியிடும்படி மன்றாடினார். சுப்பராமர் தயங்கினார். தயக்கத்தில் வியப்பில்லை, வித்தை அன்று வீட்டுச் சொத்து, எளிதில் வெளியே விடமாட்டார்கள். முதலியார் விடவில்லை. எட்டயபுரம் ராஜாவும் சொல்லி, செலவையும் ஏற்றார். சுமார் 1,700 பக்கத்தில் ‘சங்கீத சம்பிரதாய பிரதர்சினி’ 1904இல் எட்டயபுரம் வித்யா விலாசினி அச்சுக்கூடத்திலிருந்து தெலுங்கு எழுத்தில் வெளிவந்தது.

அந்த நூலின் ஒரு பக்கத்தை நிதானமாகப் பாருங்கள். சுரங்களுக்கு மேலே, கமகங்களை, அதாவது சுரத்தை அசைத்தும் வழுக்கியும் பாடும் விதங்களைக் காட்டும் சின்னச் சின்னக் குறிகள். கம்பிதத்துக்கு நெளியும் கோடு, ஏற்ற ஜாருவுக்கு ஒரு பக்கம் சாய்ந்த கோடு, இறக்க ஜாருவுக்கு மறுபக்கம் சாய்ந்த கோடு, ஸ்புரிதத்துக்கு மூன்று புள்ளிகள். சாகித்தியத்தை மட்டும் எழுதிவைத்திருந்தால் பாட்டின் எலும்புதான் கிடைத்திருக்கும். ஒரு சுரத்தை எங்கே அசைக்க வேண்டும், எங்கே வழுக்கிக்கொண்டு போக வேண்டும் என்பதைச் சுப்பராமர் எழுதினாரே, அங்கேதான் அவருடைய பெருமை. முத்துசுவாமி தீட்சிதரின் உருப்படிகள் 229 இதில் இருக்கின்றன. தீட்சிதர் பாடல் எது, பாடம் எது என்று ஐயம் வந்தால் வித்துவான்கள் இன்றும் முதலில் புரட்டுவது இதைத்தான். தம் வீட்டுப் பாட்டோடு அவர் நிறுத்தவில்லை. தியாகராஜர், சியாமா சாஸ்திரி, க்ஷேத்ரக்ஞர் எல்லோருக்கும் இடம் கொடுத்தார். வாக்கேயகாரர்களின் வரலாற்றையும் எழுதினார். நூல் வந்த இரண்டு ஆண்டில், 1906இல், சுப்பராமர் மறைந்தார். எட்டயபுரத்துப் பிள்ளையான பாரதி அவருக்கு இரங்கற்பா எழுதினார்.

புத்தகம் மட்டும் போதாது என்பதற்கும் இதே குடும்பமே சாட்சி. சுப்பராமரின் மகன் அம்பி தீட்சிதர் சென்னைக்கு வந்து பாடம் சொல்லிக்கொடுத்தார். நீதிபதி டி.எல். வெங்கடராம ஐயர் அவரிடம் கற்றார், டி.கே. பட்டம்மாளும் அவரிடம் பாடம் கேட்டார். ஏட்டில் இருந்தது இப்படித்தான் மேடைக்கு வந்தது. தமிழ் எழுத்தில் அந்த நூல் கிடைக்க 1961 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அந்த ஆண்டில்தான் சென்னை மியூசிக் அகாடமி அதைப் பகுதி பகுதியாக வெளியிடத் தொடங்கியது.

உங்கள் வீட்டிலும் இப்படி ஒரு கலையைக் காத்துவந்தவர் ஒருவர் இருந்திருப்பார். தாத்தாவின் கூத்துப் பாட்டு நோட்டு, அத்தையின் கோல நோட்டு, பெரியப்பா பாடிய கேசட். பரணில் பத்திரமாக இருக்கிறது என்று நிம்மதியாக இருந்துவிடாதீர்கள். கரையான் தின்றுவிடும், கேசட் நாடாவில் பூஞ்சை படரும். தெரிந்தவர்கள் உயிரோடு இருக்கும்போதே பக்கத்தில் உட்கார்ந்து, இது என்ன பாட்டு, யாரிடம் கற்றது, எந்த இடத்தில் எப்படி இழுப்பார் என்று கேட்டு, பெயரும் தேதியும் போட்டு எழுதுங்கள், குரலையும் பதிவுசெய்யுங்கள். ஒரு பிரதியை வீட்டுக்கு வெளியே, சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் போன்ற ஓரிடத்தில் சேர்க்க முடியுமா என்று விசாரியுங்கள். பேரப்பிள்ளைக்கு ஆர்வம் இல்லையென்றால், கற்க வரும் அடுத்த வீட்டுப் பிள்ளைக்குச் சொல்லிக்கொடுங்கள்.

இந்த ஞாயிற்றுக்கிழமையே பரணில் ஏறிப் பாருங்கள்.