நிறம் சொல்லும் உணர்வு

கோபம் கொண்டவரின் முகம் ‘சிவந்துவிட்டது’ என்கிறோம். பயந்தவரின் முகம் ‘வெளுத்துப்போனது’ என்றும், ஏமாற்றம் அடைந்தவரின் முகம் ‘கறுத்துவிட்டது’ என்றும் சொல்கிறோம். மனத்தில் எழும் உணர்வைச் சொல்வதற்கு நிறத்தின் பெயர் ஏன் தேவைப்படுகிறது? நிறத்திற்கும் உணர்வுக்கும் உண்மையிலேயே தொடர்பு உண்டா? பழங்கால இலக்கண ஆசிரியர் முதல் இக்கால உளவியலாளர் வரை பலரும் இதைப் பற்றிச் சிந்தித்துள்ளனர்.

தமிழில் இச்சிந்தனை மிகவும் பழைமையானது. கறுப்பு, சிவப்பு ஆகிய இரு சொற்களும் வெகுளியை, அதாவது சினத்தை உணர்த்தும் என்று தொல்காப்பியத்தின் உரியியல் கூறுகிறது. அவை நிறத்தையும் குறிக்கும் என்பதை அதன் பின்னரே சொல்கிறது. சங்க இலக்கியத்தில், தலைவனைப் பிரிந்து வருந்தும் தலைவியின் மேனியில் தோன்றும் நிறமாற்றத்திற்குப் ‘பசலை’ என்று பெயர். இதற்காகவே திருவள்ளுவர் ‘பசப்புறு பருவரல்’ என்னும் அதிகாரத்தை அமைத்தார். பரத முனிவர் இயற்றியதாகக் கூறப்படும் நாட்டிய சாத்திரம் ஒவ்வொரு சுவைக்கும் ஒரு நிறத்தை வகுத்தது. சினத்திற்குச் சிவப்பு, நகைக்கு வெள்ளை, அச்சத்திற்குக் கறுப்பு, வியப்பிற்கு மஞ்சள், துயரத்திற்குப் புறாவின் சாம்பல் நிறம் என்பன அவற்றுள் சில.

இவற்றுள் சிலவற்றிற்கு உடலிலேயே காரணம் உள்ளது. சினம் கொள்ளும்போது இதயம் வேகமாகத் துடிக்கிறது. முகத்தோலின் அடியிலுள்ள நுண்ணிய இரத்தக் குழாய்கள் விரிவதால் அங்கு இரத்தம் மிகுந்து முகம் சிவக்கிறது. அச்சத்தில் அக்குழாய்கள் சுருங்குவதால் முகம் வெளுக்கிறது. ஆகவே, ‘முகம் சிவந்தது’ என்பது வெறும் கற்பனையன்று. கண்ணால் கண்டதைச் சொல்லும் தொடராகும்.

மேலைநாடுகளில் நிறத்தை இயற்பியலாளர்களும் ஆராய்ந்தனர். வெள்ளொளி பல நிறங்களின் கலவை என்பதை ஐசக் நியூட்டன் முப்பட்டகத்தின் மூலம் காட்டினார். அவரது ‘ஒளியியல்’ நூல் 1704ஆம் ஆண்டு வெளிவந்தது. செருமானியக் கவிஞர் கோத்தே 1810இல் வெளியிட்ட நூலில், நிறங்கள் மனத்தில் ஏற்படுத்தும் விளைவுகளை விரிவாக எழுதினார். ஒளியைப் பற்றிய அவரது விளக்கத்தை இயற்பியலாளர்கள் ஏற்கவில்லை. எனினும், நிறத்தையும் மனத்தையும் இணைத்து அவர் எழுப்பிய கேள்வி நிலைத்து நின்றது.

அக்கேள்விக்கு விடை தேடி, 30 நாடுகளைச் சேர்ந்த ஏறத்தாழ 4,600 பேரிடம் நடத்தப்பட்ட ஓர் ஆய்வு 2020இல் வெளியானது. அதில் நாடுகளிடையே பெரும் ஒற்றுமை காணப்பட்டது. பல நாட்டவரும் சிவப்பை அன்போடும் சினத்தோடும் சேர்த்தே எண்ணினர். கறுப்பைத் துயரத்தோடு இணைத்தனர். அதே வேளையில் வேற்றுமைகளும் இருந்தன. வெள்ளையைத் துயரத்தோடு இணைக்கும் போக்கு மற்ற நாடுகளைவிடச் சீனாவில் மிகுதியாக இருந்தது. ஆகவே, உடலோடு பண்பாடும் நிறத்திற்குப் பொருள் தருகிறது எனலாம்.

பண்பாட்டின் இப்பங்கைப் பல இனத்தவர் கூடி வாழும் நம் நாட்டில் நேரிலேயே காணலாம். ஜொகூர் பாருவிலிருந்து கோத்தா திங்கி செல்லும் சாலையில் உள்ள உலு திராம் அத்தகைய ஊர்களுள் ஒன்று. அங்குச் சீனப் புத்தாண்டுக்குச் சிவப்பு உறையும், நோன்புப் பெருநாளுக்குப் பச்சை உறையும், தீபாவளிக்கு ஊதா, மஞ்சள் போன்ற நிற உறைகளும் கைமாறும். சீனர்களிடையே இறப்பு வீட்டில் பணம் கொடுக்க வெள்ளை உறையைப் பயன்படுத்துவர். இதனை அறியாத ஒருவர், சீன நண்பரின் திருமணத்திற்கு வெள்ளை உறையில் பணம் வைத்துக் கொடுத்தால் என்ன ஆகும்? வாழ்த்த வந்தவரே மணவீட்டாரின் மனத்தைப் புண்படுத்த நேரிடும்.

நிறத்தின் ஆற்றலை மிகைப்படுத்துவதும் தவறு. 1979இல் அமெரிக்காவின் சியாட்டில் நகரிலிருந்த கடற்படைச் சிறையில் ஓர் அறைக்கு இளஞ்சிவப்பு வண்ணம் பூசினர். அந்நிறம் கைதிகளின் மூர்க்கத்தைத் தணிக்கிறது என்ற செய்தி பரவியது. வேறு சிறைகளும் அதைப் பின்பற்றின. பின்னர்ச் சுவிட்சர்லாந்துச் சிறை ஒன்றில் இளஞ்சிவப்பு அறைகளையும் வெள்ளை அறைகளையும் ஒப்பிட்டு ஆராய்ந்தபோது, அத்தகைய பயன் எதுவும் காணப்படவில்லை. ‘இந்த நிறம் நினைவாற்றலை வளர்க்கும்’, ‘அந்த நிறம் கோபத்தைக் குறைக்கும்’ என்னும் விளம்பரங்களைக் காணும்போது இந்நிகழ்வை நினைவிற்கொள்ள வேண்டும். எவ்வாறு சோதித்தார்கள், எதனோடு ஒப்பிட்டார்கள் என்று கேட்பதே அறிவியல் மனப்பான்மை.

நிறங்களுக்கு இயற்கை ஒரு பொருளையும், மக்களின் வழக்கம் வேறு பல பொருள்களையும் தந்துள்ளன. ஒரே நிறம் ஒரு வீட்டில் மங்கலத்தையும் மறுவீட்டில் துயரத்தையும் குறிக்கலாம். எனவே, அண்டை வீட்டாருக்கு ஒரு நிறம் எதை உணர்த்துகிறது என்பதைக் கேட்டறிந்து நடப்பது, பல இனத்தவர் வாழும் நாட்டில் அனைவரும் கற்க வேண்டிய நற்பண்பாகும்.