கடல் மட்ட உயர்வும் மன்னார்த் தீவும்

"காலநிலை மாற்றத்தினால் தாழ்நிலக் கரையோரங்களுக்கு ஏற்படும் பாதிப்புகளை உதாரணத்துடன் விளக்குக" என்று கேட்டால் மாணவர்களிற் பெரும்பாலானோர் எழுதுவது இதுவே: பனிக்கட்டி உருகும், கடல் உயரும், தீவுகள் மூழ்கும். இது பிழையன்று. ஆயினும் முழுப் புள்ளி பெறாது. மூழ்குதல் கடைசியில் நிகழ்வது. அதற்கு நெடுங்காலம் முன்னரே ஒரு தீவில் வாழ்வது கடினமாகிவிடும். அது எவ்வாறு என்பதை நமது நாட்டின் மன்னார்த் தீவைக் கொண்டு நோக்குவோம்.

முதலில் காரணங்கள். நிலக்கரி, பெற்றோலியம் முதலியவற்றை எரிப்பதால் காபனீரொட்சைட்டு போன்ற பச்சைவீட்டு வாயுக்கள் வளிமண்டலத்திற் பெருகி, புவியின் வெப்பம் உயர்கின்றது. கடல் நீர் சூடாகும்போது விரிவடைகின்றது. 1971 முதல் 2018 வரையான கடல் மட்ட உயர்வில் ஏறத்தாழப் பாதி இவ்விரிவினால் வந்ததே. இதனை எழுதாமல் விடுவோர் அநேகர். மீதியின் பெரும்பகுதி நிலத்தின் மேலுள்ள பனிக்கட்டி உருகுவதால் வருவது. "நிலத்தின் மேலுள்ள" என்ற சொற்கள் முக்கியமானவை. கடலில் மிதக்கும் பனிக்கட்டி உருகுவதாற் கடல் மட்டம் குறிப்பிடத்தக்க அளவு உயராது. ஒரு குவளை நீரில் ஐஸ்கட்டியை மிதக்கவிட்டு, அது கரையும்வரை நீர்மட்டத்தை அவதானித்தால் புரியும்.

1901 முதல் 2018 வரை உலகச் சராசரிக் கடல் மட்டம் சுமார் 20 சென்ரிமீற்றர் உயர்ந்துள்ளது. 2006 முதல் 2018 வரை உயர்வு ஆண்டுக்குச் சுமார் 3.7 மில்லிமீற்றர். வாயு வெளியேற்றம் மிக அதிகமாகத் தொடர்ந்தால் 2100 ஆம் ஆண்டளவில் 63 முதல் 101 சென்ரிமீற்றர் வரை உயரலாம் என அரசுகளுக்கிடையிலான காலநிலை மாற்றக் குழு 2021 இல் மதிப்பிட்டது.

மன்னார்த் தீவு சுமார் 130 சதுர கிலோமீற்றர் பரப்புடைய, தட்டையான மணல் நிலம். ஒரு பக்கம் பாக்குக் குடா, மறுபக்கம் மன்னார் வளைகுடா. அருவி ஆறு பெருநிலப்பகுதியிலேயே கடலில் விழுகின்றது. தீவினுள் ஆறு இல்லை. உலர் வலயமாகையால் வடகீழ்ப் பருவமழையே பிரதான மழை. அந்த மழைநீர் மணலினுள் இறங்கி, அடியிலுள்ள உவர்நீரின் மேல் ஒரு வில்லை வடிவில் மிதந்து நிற்கின்றது. நன்னீரின் அடர்த்தி கடல்நீரினதை விடச் சற்றுக் குறைவு என்பதே காரணம். தீவின் கிணறுகள் இந்த வில்லையிலிருந்தே நீர் பெறுகின்றன.

இங்கு ஒரு கணக்கு உண்டு. புவியியலிற் கணக்கு வருமா என்று முகஞ் சுளிக்க வேண்டாம், எளிதானது. கடல் மட்டத்திற்கு மேல் 1 அடி நன்னீர் நின்றால், கடல் மட்டத்திற்குக் கீழே சுமார் 40 அடி ஆழம்வரை நன்னீர் இருக்கலாம். மேலே இருப்பது சிறிது குறைந்தாற் கீழே பெருமளவு குறையும். கடல் மட்டத்துடன் ஒப்பிட நிலநீர் மட்டம் 10 சென்ரிமீற்றர் தாழ்ந்தால், அடியிலுள்ள உவர்நீர் காலப்போக்கிற் சுமார் 4 மீற்றர் மேலெழக்கூடும்.

கடல் உயரும்போது நன்னீரும் சேர்ந்து உயரலாம். ஆனால் தாழ்ந்த நிலத்தில் அது உயர இடமில்லை. தரையை நெருங்கியதும் ஆவியாகியும் வழிந்தோடியும் போய்விடும். கரை அரிக்கப்பட்டுத் தீவு ஒடுங்கும்போதும் வில்லை சுருங்கும். மின்பம்பி மூலம் அளவுக்கு மிஞ்சி இறைத்தாலும் உவர்நீர் மேலேறும். ஆகவே, வீட்டு வாசலுக்குக் கடல் வருமுன்பே கிணறு சவராகிவிடும். முருங்கன் பகுதியின் நிலத்தடி நீர் குழாய் வழியே மன்னார் நகருக்குக் கொண்டுவரப்படுவதை இத்துடன் சேர்த்துச் சிந்திக்கவும்.

அடுத்தது கரை. கரைவலை இழுப்பதற்குப் பாடு வேண்டும், அதாவது வலையை இழுத்தேற்றக்கூடிய அகன்ற மணற்கரை. படகை ஏற்றவும் கருவாடு காயப்போடவும் அதே கரைதான். கரை சில மீற்றர் பின்வாங்கினாலே தொழில் பாதிக்கப்படும். "வீடுகள் அழியும்" என்று மட்டும் எழுதாது, "தொழில் செய்யும் இடம் இல்லாது போகும்" என்றும் எழுதுக.

சூறாவளியின்போது கடல் மட்டம் தற்காலிகமாகப் பல அடிகள் உயரும். பாக்குக் குடா போன்ற ஆழங்குறைந்த கடலில் இவ்வெழுச்சி கூடுதலாகும். 1964 டிசெம்பர் சூறாவளி தலைமன்னாருக்கு எதிர்க்கரையான தனுஷ்கோடியை அழித்து, பயணிகளுடன் ஒரு புகையிரதத்தையும் கடலுக்குள் இழுத்துச் சென்றது. தனுஷ்கோடி பின்னர் மீள எழவேயில்லை. 2020 டிசெம்பரில் புரெவி சூறாவளி திருகோணமலைப் பக்கமாகக் கரை கடந்து மன்னார் வளைகுடாவை அடைந்தது. இச்சூறாவளிகளைக் காலநிலை மாற்றமே உண்டாக்கியது என எழுதக்கூடாது. கடல் மட்டம் உயர உயர, அதேயளவு சூறாவளியும் நீரை மேலும் உள்ளே தள்ளும் என்று எழுதுவதே சரி.

தீர்வுகளை எழுதும்போது பலர் தடுமாறுவர். கண்டற் காடுகளைப் பேணல், மழைநீர் சேகரித்தல், கரையோர மணலைப் பாதுகாத்தல் ஆகியன யாவரும் ஏற்பவை. காற்று மின்சக்தியோ சிக்கலானது. 2020 டிசெம்பரில் திறக்கப்பட்ட தம்பபவனி காற்றாலையின் 30 சுழலிகள் மன்னார்த் தீவிலேயே நிற்கின்றன. பச்சைவீட்டு வாயுக்களைக் குறைக்க இவை உதவும். ஆனால் இவற்றிற்கான வீதிகளும் அத்திவாரங்களும் வெள்ளநீர் வடிவதைத் தடுப்பதாகத் தீவு மக்கள் பலர் முறையிடுகின்றனர். வலசை வரும் பறவைகள் பற்றிய கவலையும் உண்டு. மேலும் சுழலிகள் அமைப்பதற்கும் கனிய மணல் அகழ்விற்கும் எதிராக 2025 இல் மன்னாரிற் போராட்டங்கள் நடந்தன. உலகிற்கு நன்மை தரும் திட்டம் ஒன்றின் சுமையை ஒரு சிறு தீவு தாங்குவது நியாயமா என்பதே அவர்களின் கேள்வி. என் பார்வையில் அக்கேள்வியைத் தட்டிக்கழிக்க முடியாது. நீங்கள் இருபக்கக் கருத்துகளையும் எழுதி, உங்கள் முடிவுக்குக் காரணம் காட்டினால் போதும்.

பயிற்சி வினா:
(அ) இலங்கைப் படத்தில் தலைமன்னார், பேசாலை, வங்காலை, அருவி ஆறு என்பவற்றைக் குறிக்குக.
(ஆ) கடல் மட்டம் உயரும்போது மன்னார்த் தீவின் கிணற்று நீர் உவராவது எவ்வாறு? படம் வரைந்து விளக்குக.
(இ) உமது ஊர்க் கிணறுகளின் நீர் கோடையிலும் மாரியிலும் எவ்வாறு வேறுபடுகின்றது? வீட்டிலுள்ள பெரியவர்களிடம் கேட்டு எழுதுக.