கிட்டத்தட்டப் பொருந்தும் சக்கரம்

பழைய கார் ஒன்றுக்குச் சக்கரம் மாற்றும்போது நேரும் தவறுகளில், காரில் ஏறவே மறுக்கும் ரிம்மை வாங்கிவிடுவது மிகச் சிறியது; அதில் இழப்பது பணமும் அலைச்சலும் மட்டுமே. போல்ட்டில் ஏறி, நட்டும் இறுகி, பார்வைக்குக் குறையேதும் தெரியாமல் நின்று, அளவில் மட்டும் ஓரிரு மில்லிமீட்டர் பிசகிய சக்கரமே அஞ்சத்தக்கது. அதன் பிழை பணிமனையில் தலைகாட்டாமல், நெடுஞ்சாலையின் வேகத்திலோ, மழையில் அவசரமாகப் பிரேக்கை மிதிக்கும் கணத்திலோதான் வெளிப்படுகிறது.

இந்த இடர் பழைய கார்களையே அதிகம் சூழ்கிறது. புதிய காருக்கு உரிய ரிம்மும் டயரும் அதே அளவில் கிடைக்கின்றன; இருபது முப்பது ஆண்டுகள் ஓடிய காரின் ரிம் துருவேறியோ வளைந்தோ போனால், அதே பாகம் பெரும்பாலும் உற்பத்தியில் இருப்பதில்லை. 1983 டிசம்பரில் சாலைக்கு வந்து 2014-இன் தொடக்கத்தில் உற்பத்தி நின்ற மாருதி 800-இன் 12 அங்குல டயரும், அம்பாசடரின் 5.90-15 டயரும், பிரீமியர் பத்மினியின் 5.20-14 டயரும் ஒரு காலத்தில் இந்தியச் சாலைகளில் எங்கும் ஓடிய அளவுகள். புதிய கார்கள் 14, 15, 16 அங்குலச் சக்கரங்களுக்கு நகர்ந்துவிட்ட நிலையில், இவற்றின் உரிமையாளர் வேறொரு மாடலின் ரிம்மையோ அடுத்த அளவு டயரையோ நாட வேண்டியதாகிறது. நாடுவதில் தவறில்லை, ஆனால் ஒரு சக்கரம் காரோடு சேரும் ஒவ்வோர் இடத்திலும் எந்த அளவு எதற்காக வைக்கப்பட்டது என்பதை அறிந்த பிறகே அதைச் செய்ய வேண்டும்.

முதல் அளவு, போல்ட் துளைகளின் மையங்கள் வழியே வரையப்படும் கற்பனை வட்டத்தின் விட்டம். டயர் கடைகளில் இதைப் பி.சி.டி. என்பார்கள். நான்கு துளைச் சக்கரத்தில் எதிரெதிர்த் துளைகளின் மையத்துக்கு மையம் அளந்தாலே இது கிடைத்துவிடும். ஐந்து துளையில் எதிர்த்துளை கிடையாது என்பதால், அடுத்தடுத்த இரு துளைகளின் மையத் தொலைவை 1.701-ஆல் பெருக்க வேண்டும். இங்கேதான் கிட்டத்தட்டப் பொருந்தும் அளவுகள் வரிசையாகக் காத்திருக்கின்றன. ஜப்பானிய, ஜெர்மானியச் சிறு கார்கள் பலவற்றில் இந்த விட்டம் 100 மி.மீ.; ஃபியட்டின் பல மாடல்களில் 98; அங்குலக் கணக்கில் வடிவமைக்கப்பட்டு 1959-இல் வெளிவந்த பிரிட்டனின் மினி காரில் சரியாக 4 அங்குலம், அதாவது 101.6 மி.மீ. மினிக்கு 100 மி.மீ. ரிம்மை மாட்ட முயன்றால் ஒவ்வொரு துளையும் 0.8 மி.மீ. மட்டுமே விலகி நிற்கும். துளைக்கும் போல்ட்டுக்கும் இடையே உள்ள தளர்வு அதை ஏற்றுக்கொண்டுவிடும், நட்டும் இறங்கிவிடும்.

இறங்கிய நட்டு ஏன் போதாது என்பதை அறிய, சக்கரத்தைக் காரோடு பிணைத்து வைப்பது எது என்று பார்க்க வேண்டும். போல்ட்டுகள் ஆணிகளைப் போலக் குறுக்கே நின்று பாரத்தைத் தாங்குகின்றன என்று பலரும் எண்ணுவது பொருத்தமாகத் தோன்றினாலும், உண்மையில் நடப்பது வேறு. நட்டு இறுகும்போது போல்ட் மிக நுண்ணிய அளவில் நீள்கிறது. நீண்ட போல்ட் மீண்டும் சுருங்க முயல்வதால், ரிம்மின் உட்புறத் தளம் ஹப்பின் மீது, அதாவது அச்சோடு சுழலும் குடத்தின் மீது, பெருவிசையோடு அழுத்தப்படுகிறது. 12 மி.மீ. போல்ட்டில் 100 நியூட்டன்-மீட்டர் முறுக்கு கொடுத்தால், ஒவ்வொரு போல்ட்டும் ஏறத்தாழ 4 டன் எடைக்கு நிகராக அழுத்துகிறது. அந்த அழுத்தத்தில் பிறக்கும் உராய்வே காரின் எடையையும் பிரேக்கின் விசையையும் தாங்குகிறது. இறுக்கம் குறையாதவரை போல்ட்டின் மீது குறுக்குவிசை அநேகமாக விழுவதே இல்லை. துளை விலகிய ரிம்மிலோ, நட்டின் கூம்பு முனை துளையின் ஒரு பக்கத்தை மட்டும் கவ்வி, போல்ட்டைச் சற்றே வளைத்து, முறுக்கின் பெரும்பகுதியை அந்த வளைவிலேயே செலவிட்டுவிடுகிறது. ஸ்பேனரில் இறுகியதாகத் தோன்றினாலும் தளங்களுக்கிடையே வேண்டிய அழுத்தம் இருக்காது; ஒவ்வொரு சுற்றிலும் வளைந்து நிமிரும் போல்ட் உலோகச் சோர்வால் ஒருநாள் முறியும். 98-க்கும் 100-க்கும் இடையே பாலமாக, கூம்புப் பகுதி தனியே அசையும் சிறப்புப் போல்ட்டுகள் சந்தையில் உள்ளன. தரமானவை கிடைத்தாலும், உரிய அளவு ரிம் அகப்படும்வரை காத்திருப்பதே மேல்.

நட்டின் முனை வடிவமும் இதே கணக்கில் சேரும். பெரும்பாலான ரிம்களில் நட்டு அமரும் குழி 60 பாகைக் கூம்பு வடிவிலும், ஹோண்டா, ஃபோக்ஸ்வேகன் போன்றவற்றின் மூல ரிம்களில் உருண்டையாகவும் இருக்கும். உருண்டைக் குழியில் கூம்பு நட்டை இறக்கினால் இரண்டும் ஒரு மெல்லிய வளையத்தில் மட்டுமே தொட்டுக்கொள்ளும். சில நூறு கிலோமீட்டரில் அந்த வளையம் நசுங்கி, இறுக்கம் போய்விடும். இரும்பு ரிம்மிலிருந்து அலாய் ரிம்முக்கு மாறும்போது இன்னொன்றையும் பார்க்க வேண்டும். அலாய் தடித்தது என்பதால் நட்டுக்குக் கிடைக்கும் போல்ட் நீளம் குறைகிறது. போல்ட்டின் விட்டத்துக்குச் சமமான நீளமேனும் மரை பிடித்திருக்க வேண்டும்.

ரிம்மின் நடுத்துளை அடுத்தது. ஹப்பின் நடுவே துருத்தி நிற்கும் வளையத்தில் இத்துளை சிக்கென்று அமர்ந்தால், சக்கரம் தானாகவே மையத்துக்கு வந்துவிடும். துளை சிறியதானால் ரிம் உள்ளே போகாது. பெரியதானால் போகும், ஆனால் மையம் நட்டுகளின் தயவில் நிற்கும். பி.எம்.டபிள்யூ.வின் 1990-களின் பிற்பகுதி 5 சீரிஸ் ரிம்மில் நடுத்துளை 74.1 மி.மீ.; அதே காலத்து 3 சீரிஸில் 72.6. இரண்டிலும் போல்ட் வட்டம் ஒன்றே என்பதால் 5 சீரிஸ் ரிம் 3 சீரிஸில் தடையின்றி ஏறிவிடுகிறது. பிறகு குறிப்பிட்ட வேகத்தில் ஸ்டீயரிங் நடுங்கத் தொடங்க, வீல் பேலன்ஸிங் எத்தனை முறை செய்தாலும் நடுக்கம் தீராது, ஏனெனில் பேலன்ஸிங் இயந்திரம் ரிம்மை அதன் நடுத்துளையில் பிடித்துச் சுழற்றுகிறது, காரோ வேறு மையத்தில் சுழற்றுகிறது. இந்தக் குறைக்கு மட்டும் எளிய தீர்வு உண்டு: இடைவெளியை நிரப்பும் மெல்லிய வளையம் ஒன்றை ஹப்பில் மாட்டிவிட்டால் போதும்.

ஆஃப்செட் எனப்படும் அளவுக்கு அப்படி எளிய தீர்வு இல்லை. மிகக் குறைவாகக் கவனிக்கப்படுவதும் அதுவே. ரிம்மின் அகலத்துக்குச் சரிபாதியில் ஒரு கற்பனைத் தளம் வரைந்தால், ஹப்பைத் தொடும் தளம் அதிலிருந்து எத்தனை மில்லிமீட்டர் வெளிப்புறமாகத் தள்ளி இருக்கிறதோ அதுவே ஆஃப்செட். ரிம்மில் இது ஈ.டி. 45, ஈ.டி. 25 என்று பொறிக்கப்பட்டிருக்கும். எண் குறையக் குறையச் சக்கரம் மட்கார்டை நோக்கி வெளியே வரும். 1989-இல் வெளிவந்த முதல் தலைமுறை மஸ்டா எம்எக்ஸ்-5 காரின் அலாய் ரிம் 14 அங்குல விட்டமும் 5.5 அங்குல அகலமும் ஈ.டி. 45-உம் கொண்டது. அதற்கு 15 அங்குல விட்டமும் 7 அங்குல அகலமும் உடைய ஈ.டி. 25 ரிம்மை மாட்டினால், அகலத்தின் பாதியிலிருந்து ஆஃப்செட்டைக் கழித்துப் பார்க்கும்போது, வெளி விளிம்பு 24.85 மி.மீ.இலிருந்து 63.9 மி.மீ.க்கு நகர்கிறது. உள்பக்கம் ஏறக்குறைய மாறவே இல்லை. வெளிப்பக்கம் மட்டும் 39 மி.மீ. துருத்துகிறது. தோற்றத்துக்காக இதை விரும்புவோர் உண்டு. ஆனால் பாரம் விழும் கோடு 20 மி.மீ. வெளியே தள்ளப்படுவதால் பேரிங்குக்கு நெம்புகோல் விசை கூடுகிறது, பள்ளத்தில் இறங்கும்போது டயர் மட்கார்டை உரசுகிறது.

அதைவிட ஆழமான விளைவு ஸ்டீயரிங்கில் நிகழ்கிறது. முன்சக்கரம் எந்தக் கோட்டைச் சுற்றித் திரும்புகிறதோ, அக்கோட்டைக் கீழே நீட்டினால் தரையில் ஒரு புள்ளியில் படும். டயர் தரையைத் தொடும் பகுதியின் மையம் இன்னொரு புள்ளி. இவ்விரண்டுக்கும் உள்ள கிடைத்தொலைவைப் பொறியாளர்கள் மிகுந்த கவனத்தோடு அமைக்கிறார்கள். 1972-இல் வந்த ஆடி 80 காரில், திருப்புக் கோடு டயரின் மையத்துக்குச் சற்று வெளியே தரையில் படும்படி வைத்தார்கள். அக்காரின் பிரேக் குழாய்கள் மூலைக்கு மூலையாக, ஒரு முன்சக்கரமும் அதற்கெதிர் மூலைப் பின்சக்கரமும் ஒரு சுற்றில் அமையுமாறு பிரிக்கப்பட்டிருந்தன. ஒரு சுற்று பழுதாகி, முன்பக்கத்தில் இடது சக்கரம் மட்டும் பிரேக் பிடிக்கிறது என்று கொள்வோம். கார் இடப்புறம் இழுக்கும். ஆனால் திருப்புக் கோடு வெளியே இருப்பதால் அதே பிரேக் விசை அச்சக்கரத்தை வலப்புறமாகத் திருப்ப முயன்று, இழுப்பைத் தானே ஈடுசெய்யும். ஓட்டுநர் அறியாமலே அவரைக் காக்கும் இந்த அமைப்பு சில மில்லிமீட்டரில் அடங்கியிருக்கிறது. 20 மி.மீ. ஆஃப்செட் குறைந்த ரிம்மை மாட்டினால் டயரின் மையம் திருப்புக் கோட்டைத் தாண்டி வெளியே போய்விடக்கூடும். அப்போது அதே பிரேக் விசை சக்கரத்தை இடப்புறமே திருப்பி இழுப்பை வளர்க்கும். ஒரு தலைமுறைப் பொறியாளர்களின் நுட்பம் ஒரு ரிம் மாற்றத்தில் அழிவது வருந்தத்தக்கது.

டயரின் அளவுக்கு வந்தால், 145/70 ஆர் 12 என்பதில் 145 அகலம் மில்லிமீட்டரில், 70 என்பது பக்கச்சுவரின் உயரம் அகலத்தில் எத்தனை விழுக்காடு என்பது, ஆர் என்பது ரேடியல், 12 ரிம்மின் விட்டம் அங்குலத்தில். இதிலிருந்து மொத்த விட்டம் 507.8 மி.மீ. என்று கணக்கிடலாம், இது பிற்கால மாருதி 800-இன் அளவு. ஆல்டோவின் 145/80 ஆர் 12 அதே ரிம்மில் ஏறும், ஆனால் விட்டம் 536.8 மி.மீ., ஏறத்தாழ 5.7 விழுக்காடு கூடுதல். அதை 800-இல் மாட்டினால் வேகமானி 80 காட்டும்போது கார் 84.6 கிலோமீட்டர் வேகத்தில் போய்க்கொண்டிருக்கும். கியர்கள் யாவும் அதே விகிதத்தில் உயர்ந்து ஏற்றத்தில் எஞ்சின் திணறும். பிரேக்குக்கு எதிராக டயரின் நெம்புகோல் நீளும். மாறாக, எம்எக்ஸ்-5-இன் 185/60 ஆர் 14-க்குப் பதிலாக 195/50 ஆர் 15 இட்டால் விட்டம் 577.6-இலிருந்து 576 ஆக, பொருட்படுத்த வேண்டாத அளவே மாறுகிறது. ரிம் ஓர் அங்குலம் வளர்ந்தால் பக்கச்சுவர் அதற்கேற்பக் குறைய வேண்டும் என்பதே இதன் கணக்கு. பள்ளம் மலிந்த சாலையில் அந்தக் குறைந்த பக்கச்சுவர் ரிம்மைக் காக்குமா என்பதையும் சேர்த்தே முடிவெடுக்க வேண்டும்.

5.90-15, 5.20-14 போன்ற குறியீடுகள் ரேடியலுக்கு முந்தைய காலத்தவை. அவற்றில் முதல் எண் அகலம் அங்குலத்தில். இவ்வகை டயரின் உள்ளே நூலடுக்குகள் ஒன்றையொன்று சாய்வாகக் குறுக்கிட்டுச் செல்லும். மிஷலின் நிறுவனம் 1946-இல் காப்புரிமை பெற்று 1949-இல் விற்பனைக்குக் கொண்டுவந்த ரேடியல் டயரில் நூல்கள் விளிம்பிலிருந்து விளிம்புக்கு நேராக ஓட, அவற்றின் மேல் எஃகுப் பட்டை சுற்றிவருகிறது. ரேடியல் சாலையை அதிகம் பற்றுவதால் வளைவில் ரிம்முக்கு அதிக விசை செல்கிறது. பழைய ரிம்மில் துளைகளைச் சுற்றி விரிசல் உண்டா என்று துரு நீக்கிப் பார்ப்பது இதனால் அவசியமாகிறது. டியூப் டயருக்கென்று செய்த பழைய ரிம்கள் பலவற்றில், டயரின் விளிம்பு உட்பக்கம் வழுக்காமல் தடுக்கும் மேடு இல்லை. அவற்றில் டியூப்லெஸ் டயரை டியூபின்றி மாட்டக்கூடாது. முன்னே ரேடியலும் பின்னே பழைய வகையும் மாட்டினால் வளைவில் காரின் பின்பகுதி வெளியே வழுக்கும். பிரிட்டனில் இச்சேர்க்கை சட்டவிரோதம்.

விட்டத்திலேயே ஏமாற்றும் ரிம்களும் உண்டு. 1979-இன் ஃபோர்டு மஸ்டாங் உள்ளிட்ட சில கார்களில் வந்த மிஷலின் டி.ஆர்.எக்ஸ். ரிம்மின் விட்டம் 390 மி.மீ., அதாவது 15.35 அங்குலம், சாதாரண டயர் எதுவும் அதற்குச் சேராது. பழைய அமெரிக்க லாரிகளின் 16.5 அங்குல ரிம்மோ கொடியது: 16 அங்குல டயரை அதில் வலிந்து ஏற்றிக் காற்றடித்தபோது விளிம்புக் கம்பி அறுந்து டயர் வெடித்து, மாட்டியவர்கள் உயிரிழந்திருக்கிறார்கள்.

டயரின் பக்கச்சுவரில் அளவை அடுத்து வரும் 69எஸ் போன்ற குறி, ஒரு டயர் 325 கிலோ வரை தாங்கும் என்றும் உச்ச வேகம் 180 கிலோமீட்டர் என்றும் பொருள்படும்; காருக்கு விதித்ததைவிட இது குறையக்கூடாது. டி.ஓ.டி. எழுத்துகளின் முடிவிலுள்ள நான்கு இலக்கங்களில் முதல் இரண்டு தயாரான வாரம், அடுத்த இரண்டு ஆண்டு: 2319 என்றால் 2019-இன் 23-ஆம் வாரம். மூன்றே இலக்கம் இருந்தால் அந்த டயர் 2000-க்கு முந்தியது. எவ்வளவு புதிதாகத் தோன்றினாலும் அதைச் சாலையில் ஓட்டக்கூடாது. அரிதாக ஓடும் பழைய காரின் டயர் பட்டன் தேயாமலே கெடும், ஏனெனில் ஓசோனிலிருந்து ரப்பரைக் காக்கும் வேதிப்பொருள் டயர் உருண்டு வளையும்போதுதான் மேற்பரப்புக்கு நன்கு கசிந்து வருகிறது; நின்ற இடத்திலேயே நிற்கும் டயர் வெடிப்பு விடுகிறது.

மாட்டும் நாளில் ஹப்பின் தளத்தையும் ரிம்மின் உட்தளத்தையும் துருவும் தடித்த பெயின்டும் இல்லாமல் சுரண்டித் துடைத்து, நட்டுகளை மூலைக்கு மூலை மாற்றி இறுக்கி, காரை இறக்கியபின் முறுக்கு அளவியால் இறுதி இறுக்கம் கொடுக்க வேண்டும். பிறகு ஸ்டீயரிங்கை இருபுறமும் முழுவதுமாக ஒடித்து, நால்வர் ஏறிய நிலையிலும் டயர் எதையும் தொடவில்லை என்று உறுதிசெய்து, 50 முதல் 100 கிலோமீட்டர் ஓட்டியபின் நட்டுகளை மீண்டும் சோதிக்க வேண்டும். நான்கு சக்கரங்களும் அலாயாக மாறி ஸ்டெப்னி மட்டும் பழைய இரும்பு ரிம்மாகவே இருந்தால், அதற்குரிய பழைய நட்டுகள் நான்கையும் ஒரு துணிப்பையில் கட்டி ஜாக்கியோடு டிக்கியில் வைத்திருக்க வேண்டும். அலாயின் நட்டுகள் அந்த ரிம்மில் சரியாக அமராமல் போகலாம்.