மலாடில் ஒரு மியூனிக்காரர்

இந்தி தெரியாமலே இந்தி சினிமாவின் ஒரு காலகட்டத்தை வடித்தவர் ஃபிரான்ஸ் ஆஸ்டன். சாதியைச் சாடும் படம் எடுத்த அதே ஆண்டில் அவர் ஹிட்லரின் கட்சியிலும் சேர்ந்தார்.

1936. ரயில்வே கேட் காவலாளியின் மகளான தாழ்த்தப்பட்ட பெண், பிராமணப் பையனை நேசிக்கிறாள். ஊர் பொறுக்கவில்லை. கடைசியில் ஓடிவரும் ரயிலை நிறுத்தப் பார்த்து அவள் உயிரை விடுகிறாள். தேவிகா ராணியும் அசோக் குமாரும் நடித்த ‘அச்சுத் கன்யா’ வடக்கே சக்கைப்போடு போட்டது. திருவாங்கூர் மன்னர் கோயில் கதவுகளை எல்லா இந்துக்களுக்கும் திறந்துவிட்டதும் அதே ஆண்டில்தான்.

படத்தின் இயக்குநர் ஒரு ஜெர்மானியர். 1876-ல் மியூனிக்கில் பிறந்த ஃபிரான்ஸ் ஆஸ்டர்மைர். அப்பாவைப் போலவே போட்டோகிராபர். கொஞ்ச நாள் நடிப்பிலும் கைவைத்துப் பார்த்தார். 1907-ல் தம்பி பீட்டருடன் சேர்ந்து ஊர் ஊராகப் படம் காட்டினார். பிறகு ‘ஆஸ்டன்’ என்ற பெயரில் இயக்குநரானார்.

அவரை இந்தியாவுக்கு இழுத்து வந்தவர் வங்காளி வக்கீல் ஹிமான்ஷு ராய். புத்தரின் கதையைப் படமாக்கும் ஆசையோடு 1924-ல் மியூனிக் வந்த ராய், எமெல்கா ஸ்டூடியோவுடன் ஒப்பந்தம் போட்டார். அதன் பலன் 1925-ல் வந்த ‘லைட் ஆஃப் ஏஷியா’. யானைகளையும் குதிரைகளையும் தந்து உதவினார் ஜெய்ப்பூர் மகாராஜா. புத்தராக நடித்தவர் ராயே. தொடர்ந்து தாஜ்மகால் பின்னணியில் ‘ஷிராஸ்’ (1928), மகாபாரதச் சூதாட்டத்தைத் தழுவிய ‘எ த்ரோ ஆஃப் டைஸ்’ (1929). செட் போடாமல் அசல் அரண்மனைகளிலேயே எடுத்த இந்த ஊமைப் படங்கள் ஐரோப்பாவில் ஓடின.

1934-ல் ராயும் மனைவி தேவிகா ராணியும் மலாடில் பாம்பே டாக்கீஸைத் தொடங்கியபோது, ஆஸ்டனும் கேமராமேன் ஜோசப் விர்ஷிங்கும் வந்து சேர்ந்தார்கள். நான்கே ஆண்டுகளில் 15-க்கும் மேற்பட்ட படங்கள்! கதை நிரஞ்சன் பால், இசை சரஸ்வதி தேவி, வசனத்துக்கு உள்ளூர் ஆட்கள். காட்சியை அமைப்பது ஆஸ்டனின் வேலை. லேபில் வேலை பார்த்த அசோக் குமாரைக் கதாநாயகனாக்க அவர் தயங்கினார், ராய்தான் பிடிவாதமாக நின்றார் என்று ஒரு கதை உண்டு.

தமிழுக்கு இது புதிதல்ல. ஒரு வார்த்தை தமிழ் தெரியாத அமெரிக்கர் எல்லிஸ் ஆர். டங்கன் ‘சதி லீலாவதி’யில் எம்.ஜி.ஆரை அறிமுகப்படுத்தியதும் 1936-ல்தான். ஆனால் டங்கனுக்கு இல்லாத ஒரு நிழல் ஆஸ்டன் மீது உண்டு. அதே 1936-ல் அவர் நாஜிக் கட்சியில் உறுப்பினரானார். பிறப்பை வைத்து மனிதனை ஒதுக்குவது பாவம் என்று சொன்ன படத்தை இயக்கியவர், பிறப்பை வைத்தே மனிதர்களை ஒழித்துக் கட்டிய கட்சியின் ஆள். கதை பாலுடையது, துணிச்சல் ராயுடையது என்று சொல்லி அவரை ஒதுக்கிவிடலாம். ஆனால் அந்தப் பெண்ணின் துயரம் பார்வையாளர் மனதில் தைத்ததில் அவர் கைக்கும் பங்கு உண்டு.

1939 செப்டம்பரில் போர் மூண்டது. ‘கங்கன்’ வேலையில் இருந்த ஆஸ்டனை எதிரி நாட்டவர் என்று பிரிட்டிஷ் அரசு காவலில் வைத்தது. வயதானவர் என்பதால் 1940-ல் விடுதலை. அதே ஆண்டு மே மாதம் ராய் காலமானார். ஜெர்மனி திரும்பிய ஆஸ்டன், போர் முடியும் வரை பவாரியா ஸ்டூடியோவில் வேலை பார்த்தார். அதன்பின் பாட் ஐப்ளிங் என்ற சிற்றூரின் குளியல் விடுதியில் நிர்வாகி. 1956-ல் இறந்தார்.

விர்ஷிங் மட்டும் திரும்பிப் போகவில்லை. முகாமிலிருந்து வெளியே வந்து ‘மஹல்’ (1949) படத்துக்கு ஒளிப்பதிவு செய்தார். ‘பாகீஸா’ முடியும் முன்பே 1967-ல் இந்தியாவிலேயே இறந்தார்.

ஆஸ்டனின் ஊமைப் படங்களுக்கு இப்போது மறுவாழ்வு. பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் புதுப்பித்த ‘எ த்ரோ ஆஃப் டைஸ்’ படத்துக்கு நிதின் சாஹ்னியும், 2017-ல் வந்த ‘ஷிராஸ்’ பிரதிக்கு அனுஷ்கா சங்கரும் இசையமைத்தார்கள். பார்க்க வேண்டிய படங்கள்தான், எடுத்தவரின் கட்சி அட்டையை மறக்காமல்.